லித்தியமும் கொஞ்சம் உப்பும்

வைத்தீஸ்வரனுக்கு நாற்பத்து மூன்று வயது. வியாதி தீர்க்கிற சாமியின் பெயரை வைத்தும் வியாதி வந்துவிட்டதே என்று அவன் வருத்தப்பட்டது கிடையாது. வேறு பெயர் வைத்திருந்தால் இன்னும் எவ்வளவு மோசமாகியிருக்குமோ என்று தேற்றிக்கொள்வான். தேற்ற வேறு ஆள் இல்லாத வீட்டில் இந்த வேலையையும் அவனேதான் பார்க்க வேண்டியிருந்தது.

வீடு சிட்லபாக்கத்தில், ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பின் இரண்டாவது மாடி. வேலை மேற்குத் தாம்பரத்தில், நீட் கோச்சிங் சென்டரில் கெமிஸ்ட்ரி சொல்லிக்கொடுப்பது. பகல் முழுக்க நூறு பிள்ளைகளுக்கு நடுவில் கத்திவிட்டு வந்து கதவைத் திறந்தால், ஃபிரிட்ஜ் மட்டும் ‘வந்தாயா’ என்பது போல ஒருமுறை உறுமிவிட்டு அடங்கும். சாப்பாடு முடிந்ததும் ஒரு வெள்ளை மாத்திரை. லித்தியம் கார்பனேட்.

அந்த மாத்திரையின் ஜாதகம் அவனுக்கு அத்துப்படி. உலோகங்களிலேயே எடை குறைந்தது லித்தியம். கத்தியால் வெட்டலாம். தண்ணீரில் போட்டால் மிதந்துகொண்டே சீறும். தீயில் காட்டினால் குங்குமச் சிவப்பு. ஆஸ்திரேலியாவில் பாறையை உடைத்து எடுக்கிறார்கள், தென் அமெரிக்காவில் உப்புப் பாலைவனத்துத் தண்ணீரைக் காய்ச்சி எடுக்கிறார்கள். எடுத்ததில் பெரும்பங்கு செல்போனுக்கும் ஸ்கூட்டருக்கும் போக, மிச்சத்தில் ஒரு துளி சிட்லபாக்கத்துக்கு வந்து, அவன் மூளை கூரைக்கு மேல் பறந்துவிடாமல் பிடித்து வைத்திருந்தது.

ஒருமுறை பறந்திருக்கிறது. அப்போது அவன் ஒரு பொறியியல் கல்லூரியில் விரிவுரையாளர். ஒரு வாரம் தூக்கமே இல்லை, களைப்பும் இல்லை. இதுவரை யாருமே கண்டுபிடிக்காத தனிமம் ஒன்று தன் கைக்குச் சிக்கிவிட்டது என்று தோன்றியது. வகுப்பில் தனிம வரிசை அட்டவணையை வரைந்து, அடியில் புதிதாக ஒரு வரிசை சேர்த்து, முதல் கட்டத்தில் ‘தாம்பரியம்’ என்று எழுதினான். பலகை போதாமல் சுவரிலும் எழுதினான். முதல்வர் வந்தபோது அவருக்கும் ஒரு கட்டம் ஒதுக்கித் தருவதாகச் சொன்னான். வேலை போயிற்று. நிச்சயமாகியிருந்த கல்யாணமும் போயிற்று. தாம்பரியம் மட்டும் யாருக்கும் வேண்டாமல் அங்கேயே நின்றது, சுண்ணாம்பு அடிக்கும் வரை.

அதற்குப் பிறகு மாத்திரைதான். மெல்போர்னில் இருக்கும் அக்கா ஞாயிறுதோறும் போன் செய்து, “மாத்திரை போட்டுக்கறியா?” என்பாள். “போட்டுக்கறேன்” என்பான். அவர்களுக்குள் பேசுவதற்கு அதைத் தவிர வேறு விஷயம் இருந்திருக்க வேண்டும். எதுவென்று இருவருக்குமே மறந்துவிட்டது.

எதிர் ஃபிளாட்டில் யக்ஞநாராயணன் மாமா, அபிதகுஜாம்பாள் மாமி. மாமா இன்சூரன்ஸ் கம்பெனியில் இருந்து ரிடையர் ஆனவர். மாமி பள்ளிக்கூட ஆசிரியை, அவளும் ரிடையர். ஒரே பையன் டல்லாஸில். மாமாவுக்கு நெஞ்சில் பேஸ்மேக்கர் வைத்திருந்தது. வீட்டுக்கு யார் வந்தாலும், கேஸ் சிலிண்டர் போட வந்தவர் உட்பட, சட்டைப் பட்டனைக் கழற்றி அந்த மேட்டைக் காட்டுவார். “உள்ள இருக்கறது லித்தியம் பேட்டரி. பத்து வருஷம் கேரண்டி, எனக்கில்லை, அதுக்கு” என்பார். கேட்டவர்கள் மரியாதையாகத் தலையாட்டுவார்கள். நெஞ்சில் இருக்கிற லித்தியத்துக்கு ஊரில் இவ்வளவு மதிப்பு. வயிற்றுக்குள் போகிற லித்தியத்தைப் பற்றி வைத்தி வாயே திறந்ததில்லை. திறந்தால் எதிர்க் கதவு எந்த வேகத்தில் சாத்திக்கொள்ளும் என்பதை மனசுக்குள் பலமுறை ஒத்திகை பார்த்திருந்தான்.

தீபாவளி முடிந்த கையோடு மாமி அவனை வழி மறித்தாள்.

“வைத்தி, என் ஒண்ணுவிட்ட அக்கா பொண்ணு ப்ரியான்னு ஒருத்தி. முப்பத்தெட்டு வயசு. சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் ஒரு கம்பெனில அக்கவுண்ட்ஸ் பாக்கறா. ரெண்டு ஜாதகமும் பாத்தாச்சு. அமோகமா பொருந்தறது.”

“என் ஜாதகம் உங்களுக்கு எப்படி மாமி கெடச்சுது?”

“உங்க அக்கா வாட்ஸப்ல அனுப்பினா. நீ கவலைப்படாதே. குன்றத்தூர் மலைல முருகன் திருக்கல்யாணத்துக்கு அவாளும் வரா, நாமளும் போறோம். தற்செயலாப் பாக்கற மாதிரி பாத்துக்கலாம்.”

“தற்செயல் எத்தனை மணிக்கு மாமி?”

“கேலி பண்ணாதே. அதுக்கு முன்னாடி ஆறு நாள் சஷ்டி விரதம் இரு. நான் இருக்கேன், மாமாவும் இருக்கார். பகல்ல பாலும் பழமும். சாயங்காலம் ஒரு வேளை, உப்பில்லாம. தனியா நீ எங்க பண்ணுவ, நம்மாத்துலயே வந்து சாப்பிடு.”

கல்யாணம் நடக்கும் என்று வைத்தி நம்பவில்லை. முருகனிடம் அவனுக்குப் பெரிய பழக்கமும் இல்லை. ஆனால் ‘ஆறு நாள் சாயங்காலம் நம்மாத்துல’ என்பதில் அவன் விழுந்துவிட்டான். அந்த வீட்டுக்குள் எத்தனையோ தடவை போயிருக்கிறான். போனதெல்லாம் பியூஸ் போட, வை-ஃபை சரி செய்ய. தட்டுப் போட்டு உட்கார்ந்ததில்லை. விரதம் இருக்கிறேன் என்று சொன்னான். அக்கா தன் பங்குக்கு ஜாதகத்தை அனுப்பிவிட்டு வியாதியை அனுப்பாமல் விட்டிருக்கிறாள் என்பதும் புரிந்தது. அந்த வேலை அவனுக்கென்றே விடப்பட்டிருந்தது.

உப்பில்லாத அரிசி உப்புமாவை வாழ்க்கையில் ஒருமுறையாவது எல்லோரும் சாப்பிட்டுப் பார்க்க வேண்டும், உப்பின் பேரில் மரியாதை வரும். வாயில் வைத்தால் ஈரமான நியூஸ்பேப்பர் மாதிரி இருந்தது. மாமா முதல் நாளே, “அபிதா, இதுல என்னமோ குறையறதே” என்றார். “பக்திதான் குறையறது” என்றாள் மாமி. வைத்தி சிரித்துச் சிரித்துப் புரையேறி, மாமி தலையில் தட்டினாள். தலையில் ஒரு கை பட்டு எத்தனை காலமாயிற்று என்று யோசித்தவன், அந்த யோசனையே அசிங்கமாகத் தோன்ற, இன்னொரு கரண்டி கேட்டு வாங்கிக்கொண்டான். மறுநாள் பாசிப்பருப்புச் சுண்டல், அதற்கடுத்த நாள் தோசை. எல்லாம் ஒரே ருசி, அதாவது ருசியே இல்லை. ஆனாலும் அவன் அவ்வளவு ஆசையாகச் சாப்பிட்டதே கிடையாது. டி.வி.யில் சீரியல் ஓடும், மாமா வில்லியைத் திட்டுவார், மாமி மாமாவைத் திட்டுவாள், இவன் இருவருக்கும் மத்தியஸ்தம் பண்ணுவான். ஒன்பதரை மணிக்குத் தன் வீட்டுக்கு வந்து மாத்திரையைப் போட்டுக்கொள்வான். இந்த வீடு எதிர் வீட்டைவிடச் சின்னது என்று அந்த நாட்களில்தான் அவனுக்குப் பட்டது. இரண்டும் ஒரே அளவு.

நாலாம் நாள் காலையில் வயிறு பிரட்டியது. பட்டினிதானே என்று விட்டுவிட்டான். வகுப்பில் அன்றைக்கு முதல் தொகுதி, கார உலோகங்கள். “லித்தியம், சோடியம், பொட்டாசியம்... இவங்க ஒரே வீட்டுப் பசங்க” என்று வழக்கமான கச்சேரியை ஆரம்பித்தான். “வெளிக்கூட்டுல ஒரே ஒரு எலக்ட்ரான், அதையும் எப்படா தள்ளி விடுவோம்னு அலையற குணம். ஒருத்தன் சட்டையை இன்னொருத்தன் மாட்டிக்கிட்டுப் போனா, கேட்ல நிக்கற வாட்ச்மேனுக்குக் கூட வித்தியாசம் தெரியாது.” பிள்ளைகள் சிரித்தார்கள். அவன் கையிலிருந்து மார்க்கர் நழுவி விழுந்தது. எடுத்தான். மறுபடி விழுந்தது. “பொண்ணு பாக்கப் போறேன், அதான்” என்றான். இன்னும் பெரிதாகச் சிரித்தார்கள்.

திருக்கல்யாணத்தன்று கால்டாக்ஸி பல்லாவரம் தாண்டும்போதே அவனுக்குக் காதில் ஏதோ ரீங்காரம். குன்றத்தூர் அடிவாரத்தில் இறங்கினதும் தரை கொஞ்சம் தள்ளி நின்றது. மாமா பேஸ்மேக்கரோடு குடுகுடுவென்று படியேறினார். இவன் ஒவ்வொரு படியையும் தேடிக் கால் வைத்தான். பாதிப் படியில் ப்ரியாவும் அவள் அம்மாவும் தற்செயலாக நின்றிருந்தார்கள்.

ப்ரியா பச்சைப் புடவையில் இருந்தாள். கண்ணாடி போட்டிருந்தாள். நல்ல முகம், தூக்கம் போதாத முகம். அவளிடம் சொல்வதற்கென்று ஒரு ஜோக்கை இரண்டு நாளாகத் தயார் பண்ணி வைத்திருந்தான். வாயைத் திறந்தான். நாக்கு தடித்துப் போய், வார்த்தை குழைந்து, எச்சிலோடு வந்தது. கைப்பிடிக் கம்பியைப் பிடிக்கப் போய்க் காற்றைப் பிடித்து, படியிலேயே சரிந்து உட்கார்ந்தான்.

பூக்கடைக்காரர் எட்டிப் பார்த்தார். “இன்னா சார், மலைக்கு வரசொல்லவே ஏத்திகினு வந்துட்டியா? கல்யாணம் முருகனுக்கு சார், உனக்கில்ல.”

கூட்டம் சிரித்தது. மாமியின் முகம் வெளுத்தது. ப்ரியாவின் அம்மா இரண்டு படி மேலே ஏறி நின்றுகொண்டாள். “குடிப் பழக்கம் உண்டுன்னு சொல்லலையே, அபிதா.”

“சத்தியமா எனக்குத் தெரியாதுக்கா” என்றாள் மாமி. அந்தக் குரல்தான் அவனைக் குத்தியது.

இவ்வளவு குழப்பத்திலும் வைத்தியின் மூளையில் ஒரு மூலை தெளிவாகக் கணக்குப் போட்டது. குடிகாரன் என்று நினைக்கட்டுமே. குடிகாரனுக்கு இந்த ஊரில் இடம் உண்டு. திட்டுவார்கள், திருத்தப் பார்ப்பார்கள், நாலு நாள் கழித்து ‘பாவம், இப்போ விட்டுட்டான்’ என்று சாப்பிடக் கூப்பிடுவார்கள். பைத்தியம் என்று ஒருமுறை பெயர் வாங்கியவனை யாரும் திருத்தவும் மாட்டார்கள், கூப்பிடவும் மாட்டார்கள். பேசாமல் குடிகாரனாகவே கீழே இறங்கிவிடலாம் என்று இருந்தது.

அப்போது ப்ரியா குனிந்தாள். அவன் முகத்துக்கு வெகு பக்கத்தில் வந்து மோந்து பார்த்தாள். கல்யாணச் சந்தையில் அதுவரை எந்தப் பெண்ணும் அவனுக்கு இவ்வளவு பக்கத்தில் வந்ததில்லை.

“வாசனையே இல்லையே” என்றாள். “கை பாருங்க, எப்படி உதறுது. ஏங்க, ஏதாவது மாத்திரை சாப்பிடறீங்களா நீங்க?”

மாத்திரை. அந்த வார்த்தை காதில் விழுந்ததும், வெகு காலத்துக்கு முன் டாக்டர் சொன்னது எங்கிருந்தோ வந்து எதிரில் நின்றது. ‘உப்பைத் திடீர்னு குறைச்சுடாதீங்க சார். தண்ணி நிறையக் குடிங்க.’ ஒரே வீட்டுப் பசங்க. கேட்டில் நிற்கிற வாட்ச்மேன் சிறுநீரகம். ஆறு நாளாகச் சோடியம் வராமல் ஏங்கிப்போன அது, அதே ஜாடையில் வந்த லித்தியத்தை வெளியே அனுப்பாமல் பிடித்துப் பிடித்து உள்ளே வைத்திருக்கிறது. பத்து வருஷமாக வருஷத்துக்கு நாலு தடவை இதே பாடத்தை நடத்துகிறவன், அதைத் தன் உடம்புக்குப் பொருத்திப் பார்க்கவே இல்லை. இப்படியே விட்டால் வலிப்பு வரலாம், அதற்கு மேலும் போகலாம். சொல்லாவிட்டால் போதை தெளியட்டும் என்று ஏதாவது நிழலில் படுக்க வைத்துவிடுவார்கள்.

மாமியைப் பார்த்தான். எதிர்க் கதவைப் பார்ப்பது போலவே இருந்தது.

“லித்தியம்” என்றான். யாருக்கும் புரியவில்லை. நாக்கைத் திரட்டி மறுபடி சொன்னான். “மூளைக்கு. மனசுக்கு. பன்னெண்டு வருஷமா சாப்பிடறேன். உப்பு இல்லாததால ஏறிடுச்சு. ஆஸ்பத்திரிக்கு... சீக்கிரம்.”

“லித்தியமா? அது பேட்டரில போடறதில்லையோ?” என்றாள் ப்ரியாவின் அம்மா.

மாமாவின் கை தன்னையறியாமல் தன் சட்டைக்கு மேலே போய் நின்றது. உடனே அவர் கீழே இறங்கி டாக்ஸி பிடிக்கப் போனார். பூக்கடைக்காரர் முதலில் திகைத்து, பிறகு அவனைக் கைத்தாங்கலாகப் பிடித்து இறக்கினார். “மன்ச்சுக்கோ சார், தெரியாம சொல்லிட்டேன்” என்று படிக்குப் படி சொல்லிக்கொண்டே வந்தார்.

ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுத்தார்கள், அவனுடைய டாக்டருக்குப் போன் போட்டார்கள், மாத்திரையைத் தற்காலிகமாக நிறுத்தினார்கள். கையில் சலைன் ஏற்றினார்கள். சலைன் என்பது உப்புத் தண்ணீர், அவ்வளவுதான். மரக்காணத்துப் பாத்தியில் குவித்து வைத்திருக்கிற அதே சாமான், இங்கே சுத்தமாகி, பாட்டிலில் தலைகீழாகத் தொங்கி, சொட்டுச் சொட்டாக அவனுக்குள் போயிற்று. ப்ரியா கதவருகில் கொஞ்ச நேரம் நின்றாள். “சொன்னது நல்லதாப் போச்சு” என்றாள். அப்புறம் அவள் அம்மா கூப்பிட்டாள்.

நாலு நாள் வைத்திருந்தார்கள். மாமா தினமும் வந்து ஸ்டூலில் உட்கார்ந்து பேப்பர் படித்தார். டாக்டரிடம் தனியாக ஏதோ கேட்டுக்கொண்டிருந்தார். மாமி வரவில்லை.

வீடு திரும்பிய அன்று மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு, “அந்த ஜாதகத்துல... மறுபடி பாத்தாளாம். செவ்வாய் சரியில்லையாம்” என்றார்.

“பத்து நாள்ல செவ்வாய் நகந்துடுத்து போல இருக்கு மாமா” என்றான் வைத்தி. மாமா சிரிக்கவில்லை. ப்ரியா ஒரு மெசேஜ் அனுப்பியிருந்தாள். ‘இப்போ எப்படி இருக்கீங்க?’ அவன் ஒரு ஜோக் அனுப்பினான். இரண்டு நீலக் கோடு வந்தது. அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை.

எதிர்க் கதவு திறக்கவும் இல்லை. சாயங்காலம் ஏழரை மணிக்குக் காலிங்பெல் அடிக்கும், திறந்தால் ஆள் இருக்காது, கைப்பிடியில் டிபன் கேரியர் தொங்கும். சாம்பாரில் மாமியின் கைமணம் இல்லை. ஏதோ மெஸ் சாம்பார், சோடா உப்பு வாசனையோடு. சமைத்ததைக்கூடப் பங்கு போடப் பயந்து, கடையில் வாங்கித் தொங்க விடுகிறார்கள். வைத்தி அதைச் சாப்பிட்டுக்கொண்டே, எதிர் வீட்டில் வில்லியை மாமா திட்டுவதைச் சுவர் வழியாகக் கேட்டான். ஒத்திகை பார்த்து வைத்திருந்ததெல்லாம் அப்படியே நடந்தது. கதவு சாத்திய சத்தம் மட்டும் எதிர்பார்த்ததைவிட மெதுவாக இருந்தது. மலையில் வாயை மூடிக்கொண்டிருந்தால் இப்போது தானும் அங்கே உட்கார்ந்து மத்தியஸ்தம் பண்ணிக்கொண்டிருக்கலாம் என்று நினைத்தான். உயிரோடு இருக்க மாட்டோம் என்பது ஒன்றுதான் அதில் சிக்கல்.

ஒரு வாரம் பொறுத்தான். பிறகு ஒரு சாயங்காலம், கழுவின கேரியரைத் தூக்கிக்கொண்டு போய்த் தானே பெல் அடித்தான். வெளியே தள்ளினால் தள்ளட்டும், கேரியரையாவது கையில் கொடுத்துவிட்டு வரலாம்.

மாமி திறந்தாள். கேரியரை வாங்கிக்கொண்டாள். வழி விடவில்லை.

“மாமி, இதோட இதை நிறுத்திடலாம். நான் வெளில சாப்பிட்டுக்கறேன். உங்களுக்கு என்னைப் பாத்தா பயமா இருக்கும், எனக்குத் தெரியும். நான் யாரையும் ஒண்ணும் பண்ணினதில்லை. ஒரே ஒருதரம் சுவத்துல எழுதினேன், அவ்வளவுதான்.”

மாமி அவனையே பார்த்தாள். “உன்னைப் பாத்து எனக்கென்ன பயம்?” என்றாள். “என் கையைப் பாத்துதான் பயம். டாக்டர் மாமாகிட்ட சொன்னாராம், உப்பில்லாமப் போட்டதுதான் காரணம்னு. ஆறு நாள் உக்காத்தி வெச்சு, இன்னொரு கரண்டி, இன்னொரு கரண்டின்னு போட்டது யாரு? உங்க அக்காகிட்ட நான் என்ன பதில் சொல்லியிருப்பேன்? அன்னிலேர்ந்து உனக்குன்னு அடுப்புல ஒண்ணு வெக்கத் தைரியம் வரலை. அதான் மெஸ்ல சொல்லி அனுப்பறேன்.”

வைத்தியின் இத்தனை வருஷ ஒத்திகையில் இப்படி ஒரு காட்சி இல்லவே இல்லை.

“கெமிஸ்ட்ரி வாத்தியார் நான் மாமி. தெரிஞ்சிருக்க வேண்டியவன் நான்தானே.”

“தெரிஞ்சவன் வாயைத் திறந்து சொல்லியிருக்கணும்” என்றாள் மாமி. கோபமாகத்தான் சொன்னாள். கண் நிறைந்திருந்தது. “பன்னெண்டு வருஷம். எதிர் வீட்டுல இருந்துண்டு.”



உள்ளேயிருந்து மாமா, “அவனை நிக்க வெச்சே எவ்வளவு நாழி பேசுவ? கொசு வரது” என்று கத்தினார்.

மாமி வழி விட்டாள். அவனைச் சமையலறையிலேயே ஸ்டூலைப் போட்டு உட்கார வைத்தாள். உப்பு ஜாடியைத் திறந்து அவன் மூக்குக்கு நேரே நீட்டினாள். “எவ்வளவு போடணும்? நீயே சொல்லு.”

“எல்லாருக்கும் போடற மாதிரி. கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம். தினம் ஒரே அளவு.”

“தினம்” என்று மாமி முணுமுணுத்துக்கொண்டாள். தோசைக் கல் காய்ந்தது. முதல் தோசையைத் தட்டில் போட்டுவிட்டு, கரண்டியும் கையுமாக எதிரில் நின்று, அவன் மெல்வதையும் விழுங்குவதையும் பார்த்துக்கொண்டே இருந்தாள். யாராவது இப்படிக் கண்கொட்டாமல் பார்த்தால் அவன் வழக்கமாக ஏதாவது சொல்லிச் சிரிக்க வைத்துத் தப்பித்துவிடுவான். இப்போது தப்பிக்க முடியவில்லை. சாப்பிட்டான்.

“கை நடுங்கறதே” என்றாள் மாமி.

“இது எப்பவும் கொஞ்சம் நடுங்கும் மாமி. மாத்திரையோட குணம். ஆபத்தில்லை.” இடது கையை நீட்டி, விரல்களை விரித்துக் காட்டினான். யாருக்கும் இதுவரை காட்டியதில்லை.

மாமி குனிந்து, கண்ணாடியைச் சரி செய்துகொண்டு, நிதானமாகப் பார்த்தாள்.

“ஆமா, நடுங்கறதுதான்” என்றாள். திரும்பிப் போய் அடுத்த தோசைக்கு மாவை ஊற்றினாள்.